துணியைப் பற்றி மட்டும்

"உங்க நிறத்துக்கு இது எடுப்பா இருக்கும்" என்ற வாக்கியம் இல்லாமல் காரைக்காலில் ஒரு துணிக்கடையும் நடக்காது. கவுண்டருக்கு அந்தப் பக்கம் நிற்பவர் மடிப்பை உதறுவார், வாங்க வந்தவரின் தோளில் போடுவார், கண்ணாடிப் பக்கம் திருப்புவார், இதைச் சொல்வார். சிவப்பானவர்களுக்கு ஒரு மாதிரி, மாநிறத்துக்கு ஒரு மாதிரி, கறுப்பாக இருந்தால் குரலைக் கொஞ்சம் தாழ்த்தி இன்னொரு மாதிரி. நான் சொல்லவரும் பெண்மணி பத்தொன்பது வருடம் அப்படி ஒரு கவுண்டரில் நின்றார். அந்த வாக்கியத்தை அவர் சொல்லி நான் ஒருநாளும் கேட்டதில்லை.

நான் அப்போது ஒரு நாளிதழுக்குப் பகுதிநேர நிருபர். செய்தி எழுதக் கடையின் மாடியில் ஓர் அறை எடுத்திருந்தேன். மாடிப்படி கடைக்குள்ளேயே, அவருடைய கவுண்டரை ஒட்டி ஏறும். செய்தி அனுப்ப, டீ குடிக்க, மின்சாரம் போனால் காற்று வாங்க என்று ஒரு நாளைக்கு ஆறேழு தடவை அவரைக் கடந்து போவேன். ஒரு மனிதரைத் தெரிந்துகொள்ள அது போதும்.

கடையில் எல்லோருக்கும் அவர் கட்பீஸ் அக்கா. வெட்டுத் துணிகளும் தைக்கக் கொடுக்கும் துணிகளும் அவர் பொறுப்பு. கோட்டுச்சேரியிலிருந்து ஒன்பது மணி பஸ்ஸில் வருவார். ஒல்லி, உயரம், இடது தோள் சற்று இறங்கியிருக்கும். புடவைத் தலைப்பில் எப்போதும் மூன்று ஊக்கு. உட்கார ஒரு ஸ்டூல் போட்டிருந்தார்கள்; அதன்மேல் தண்ணீர் பாட்டில்தான் உட்கார்ந்திருக்கும்.

அவர் வேலை செய்யும் விதம் இது. கேட்ட துணியைத் தன் முன்கையில் போட்டுக்கொண்டு வாசல்வரை நடப்பார். வெயிலில் காட்டுவார். உள்ளே வந்து ஒரு முனையைக் கைக்குள் கசக்கிப் பிடித்து, உதடு அசையாமல் பத்துவரை எண்ணி, விரிப்பார். பிறகு தீர்ப்பு. "இது சுருங்கும்." "வேர்வை காட்டும்." "இந்தச் சிவப்பு ரெண்டு தண்ணிக்கு அப்புறம் இருக்காது, வேறென்ன வேணும் சொல்லுங்க." அவ்வளவுதான். வாங்க வந்தவரின் தோளில் அவர் துணியைப் போட்டதே இல்லை. "எனக்கு எப்படிங்க இருக்கும்?" என்று யாராவது கேட்டால் பதில் ஒன்றுதான்.

"துணியைப் பத்திக் கேளுங்க, சொல்றேன்."

முதலாளி பாய்க்கு இது பெரிய குறை. நல்ல மனிதர், யாரையும் கடிந்து பேசத் தெரியாதவர். ஒருநாள் நான் படியிறங்கும்போது அவர் கெஞ்சிக்கொண்டிருந்தார். "பொய் சொல்லச் சொல்லலம்மா. நாலு நல்ல வார்த்தை. நல்ல வார்த்தை சொல்றதும் ஒரு சதக்காதான், தர்மம்."

"சொன்னா விக்கும் பாய்," என்றார் அக்கா. "அப்புறம் வாங்கின பொண்ணு வீட்டுக்குப் போயி கண்ணாடி பாக்கும்ல."

பாய் என்னைப் பார்த்தார். "எழுதுங்க சார் இதை. யாவாரம் படுக்கிறதுக்குக் காரணம் என்னன்னு பேப்பர்ல வரட்டும்."

வியாபாரம் படுக்கவில்லை. ஒருமுறை அவரிடம் வாங்கியவர்கள் திரும்ப அவரிடமே வந்தார்கள். ஆனால் வந்தவர்கள் எல்லோருக்கும் அவரைப் பிடித்தது என்று சொல்ல முடியாது. போலகத்திலிருந்து ஒரு மாப்பிள்ளை வீடு நிச்சயப் புடவை எடுக்க வந்திருந்தது. பெண்ணையும் கூட்டி வந்திருந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா பெண்ணின் கையைப் பிடித்துக் கவுண்டர் மேல் வைத்து, "பாத்துக்கங்க, பொண்ணு இந்த நிறம். இதுக்கு எது எடுக்கும்?" என்றார். மீன் கடையில் செவுளைத் தூக்கிக் காட்டுவதுபோல இருந்தது. அக்கா அந்தக் கையைப் பார்க்கவில்லை. "பொடவை அஞ்சரை மீட்டர்ங்க. ஜாக்கெட்டோட ஆறேகால்," என்றார். அந்த அம்மாள் இரண்டாம் தடவையும் கேட்டார். அக்கா இரண்டாம் தடவையும் நீளத்தைச் சொன்னார். அவர்கள் பக்கத்துக் கடைக்குப் போனார்கள். பெண் மட்டும் போகும்போது திரும்பிப் பார்த்தாள்.

இதைச் சொல்லிவிட்டு மற்றதைச் சொல்லாமல் விட்டால் பாதிச் செய்தியாகிவிடும். எங்கள் தெருவில் ஓர் அம்மாள், சிகிச்சையில் முடி முழுவதும் கொட்டியவர், மகன் கல்யாணத்துக்குப் புடவை எடுக்க வந்தார். என் மனைவிதான் கூட்டிவந்தாள். இளநீலத்தில் ஒன்றை எடுத்துத் தானே தோளில் போட்டுக்கொண்டு, தலையில் கட்டியிருந்த துணியைச் சரிசெய்து, "நல்லா இருக்கேனா?" என்று அக்காவைக் கேட்டார். கடையில் நாலைந்து பேர் நின்றோம். என்ன சொல்ல வேண்டும் என்று எல்லோருக்கும் தெரியும். அக்கா புடவையின் ஓரத்தைத் தடவிப் பார்த்தார். "லேசான பொடவைங்க. தோளுக்குப் பாரமா இருக்காது," என்றார். அந்த அம்மாள் இன்னும் கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு அதையே வாங்கிக்கொண்டு போனார். வீட்டுக்கு வந்து என் மனைவி சொன்னாள்: "கல்நெஞ்சுக்காரி. ஒரு வார்த்தை. வாயிலேருந்து முத்தா உதிர்ந்துடும்?" எனக்கும் அன்று அப்படித்தான் தோன்றியது.

நாலைந்து வருடத்துக்கு முன் என் அண்ணன் மகள் எலோடிக்குக் கல்யாணம் நிச்சயமானது. அண்ணன் குடும்பம் பிரான்சில். பெண் அங்கேயே பிறந்தவள். தமிழ் பேசுவாள், ஆனால் ஒவ்வொரு வாக்கியத்தையும் கண்ணாடிப் பாத்திரம்போல் பத்திரமாக இறக்கி வைப்பாள். கல்யாணம் காரைக்காலில் நடக்க வேண்டும், அதுவும் கடற்கரையில் என்று அவள் ஆசைப்பட்டாள். மணலில் கல்யாண மந்திரிப்பு, ஆசீர்வாதம், கிடையாது என்று மாதா கோயில் பங்குச் சாமியார் சொல்லிவிட்டார். ஆகவே காலையில் கோயிலில் தாலி, சாயங்காலம் கடலோரத்தில் ஒரு விடுதியின் திடலில் மோதிரமும் கேக்கும் விருந்தும் என்று முடிவானது. கடற்கரையில் மணப்பெண்ணுக்கு முன்னால் தோழிப்பெண்கள் நால்வர், ஒரே நிறக் கவுனில் நடந்து வர வேண்டும். மூவர் அண்ணியின் தங்கை பெண்கள், புதுச்சேரியில் இருப்பவர்கள். நாலாவது என் மகள் பிரின்சி. அவளை எலோடியே பெயர் சொல்லிக் கேட்டிருந்தாள். பிரின்சிக்கு அப்போது இருபது வயது, பி.காம் கடைசி வருடம். அந்த அழைப்பு வந்த அன்று அவள் நடக்கும் விதமே மாறியிருந்தது.

துணி இங்கே எடுத்து இங்கேயே தைப்பது என்று ஏற்பாடு. எலோடி ஒரு படம் அனுப்பினாள். காய்ந்த மணலின் நிறம். கடையில் அதற்கு பிஸ்கட் கலர் என்று பெயர். அக்கா அதே நிறத்தில் ஒரு ஜார்ஜெட் எடுத்து, வெயிலில் காட்டி, கசக்கி, விரித்து, "சுருங்காது. கடக்காத்துக்குப் பறக்கும். உள்ள லைனிங் வேணும்," என்றார். பத்து நிமிடத்தில் முடிந்திருக்க வேண்டிய வேலை. இரண்டரை மாதம் ஆனது.

மதியம் கடையில் ஆள் குறைந்த நேரத்தில் அண்ணி வீடியோவில் வருவார். அங்கே காலை. நான் போனைப் பிடித்துக்கொள்வேன், அக்கா துணியைக் காட்டுவார்.

"தம்பி, தப்பா நெனைச்சுக்காதீங்க," என்று முதல் நாளே அண்ணி ஆரம்பித்தார். "பிரின்சி நம்ம பொண்ணு. நான் போட்டோவுக்காகத்தான் சொல்றேன். பிஸ்கட் கலர்ல அவ கை மட்டும் தனியாத் தெரியும்."

மறுவாரம் கத்தரிப்பூ நிறம். "அய்யோ, அதுல அவ இன்னும் இருட்டாப் போயிடுவா." அதற்கடுத்து இளம்பச்சை. "பச்சை அவளை அடிக்கும் தம்பி." வெங்காயத் தோல் நிறம் வெளுத்தவர்களுக்கானது. மயில் கழுத்து பகலில் சரி, சாயங்கால விளக்கில் அவள் முகத்தை இழுத்துவிடும். மாம்பழ மஞ்சளுக்கு அண்ணி வாயால் பதில் சொல்லவில்லை, கையால் முகத்தை மூடிக்கொண்டார். வெளிர் நிறம் என்றால் அவள் தனியாகத் தெரிவாள். அடர்ந்த நிறம் என்றால் தெரியாமல் போவாள். ஒவ்வொரு முறையும் அண்ணியின் குரலில் உண்மையான வருத்தம் இருந்தது. எனக்கு அலுப்பு மட்டும் இருந்தது. அண்ணன் என்னைப் படிக்க வைத்தவர். அவர் வீட்டில் ஒன்று சொன்னால் நான் மறுத்துப் பேசிப் பழக்கமில்லை. அந்த இரண்டரை மாதமும் நான் போனைத்தான் நேராகப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

பத்து நிறம் கழிந்தபின் அண்ணி ஒரு வழி சொன்னார். "பிரின்சி வாசல்ல நிக்கட்டுமே. வர்றவங்களுக்குப் பன்னீர் தெளிக்க ஒரு பொறுப்பான பொண்ணு வேணும்ல? பன்னீர்ச் சொம்பை அவகிட்ட குடுத்துடலாம். எலோடிகிட்ட நான் சொல்லிக்கிறேன்." நான் போனை மறு கைக்கு மாற்றிப் பிடித்தேன்; அவரே தொடர்ந்தார். "இல்லைன்னா ஒண்ணு செய்யுங்க. அந்தக் கடைக்காரம்மா துணி தெரிஞ்சவங்க. பொய் சொல்ல மாட்டாங்கன்னு நீங்கதானே சொன்னீங்க. நாளைக்குப் பிரின்சியையே கடைக்குக் கூட்டிட்டு வாங்க. அவங்க பாத்து இவளுக்கு இது நல்லா இருக்குன்னு ஒரு நிறத்தைச் சொல்லட்டும். அதையே எடுத்துடலாம், நான் குறுக்க நிக்கல."

அன்று மாலை கடை மூடுவதற்கு முன் அக்காவிடம் போனேன்.

"நாளைக்கு ஒரே ஒரு வார்த்தை சொல்லிடுங்க. எந்த நிறமா இருந்தாலும் சரி. இந்தப் பொண்ணுக்கு நல்லா இருக்கும்னு. முடிஞ்சு போயிடும்."

அவர் துணிச்சுருளைச் சுற்றிக்கொண்டே கேட்டார். "உங்க பொண்ணுதானே சார்?"

"ஆமா."

"அப்ப நீங்களே சொல்லலாமே."

"நான் சொன்னா அப்பன் சொல்றான்னு ஆயிடும்."

"நான் சொன்னா கடைக்காரி சொல்றான்னு ஆயிடும்." சுருளைத் தட்டி நிமிர்த்தினார். "இன்னிக்கு இவளுக்கு நல்லா இருக்குன்னு நான் சொன்னா, நாளைக்கு இன்னொருத்திக்கு நல்லா இல்லைன்னும் நான்தான் சொல்லணும். நீங்க கேட்டாச் சொல்லி, போலகத்துக்காரம்மா கேட்டாச் சொல்ல மாட்டேன்னா எப்படி சார்? அந்த வாயைத் தொறக்கவே கூடாது."

எனக்குக் கோபம் வந்தது. எத்தனையோ பேரிடம் அவரைப் பற்றிப் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். கொள்கை நம் தலையில் விடியாதவரைதான் அழகு என்பது அன்று தெரிந்தது.

மறுநாள் பிரின்சி வந்தாள். எதற்காக வரச் சொன்னேன் என்று அவளிடம் முழுதாகச் சொல்லவில்லை, அவளுக்குத் தெரிந்திருந்தது. அக்கா பதினோராவதாக அரக்கு நிறத்தில் ஒரு கிரேப் துணியை எடுத்தார். ஒரு முனையைப் பிரின்சி பிடித்துக்கொண்டாள், மறுமுனையை அக்கா. நான் போனைப் பிடித்தேன்.

"பக்கத்துல நில்லும்மா பிரின்சி," என்றார் அண்ணி. "துணியை மேல போடு. ஆங். இப்பச் சொல்லுங்கம்மா. உங்களுக்கு என்ன தோணுது?"

அக்கா துணியை மடித்துக் கவுண்டரில் வைத்தார். கீழே குனிந்து ஓர் அட்டையை எடுத்தார்.

இந்த அட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டும். வேண்டாம் என்று போகும் துணியை மொத்தக் கடைக்குத் திருப்பி அனுப்பும்போது ஒரு துண்டு வெட்டி அட்டையில் ஊக்கால் குத்தி, பக்கத்தில் காரணம் எழுதி அனுப்புவார்கள். சாயம், கறை, இழை விட்டது, அகலம் குறைவு என்று ஏதாவது ஒன்று. காரணம் இல்லாவிட்டால் அங்கே எடுத்துக்கொள்ள மாட்டார்கள். எங்களுக்காக வரவழைத்த துணிகளுக்கும் அப்படி ஓர் அட்டை போட்டு வைத்திருந்தார் அக்கா. பத்து நிறமும் வரிசையாக இருந்தன. பக்கத்தில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

"திருப்பி அனுப்புற துணிக்குக் காரணம் எழுதணும்ங்க," என்று அட்டையைப் போனுக்கு நேராகக் காட்டினார். "இதோட பதினொண்ணு. எதுக்கும் எழுத ஒண்ணும் இல்ல. சாயம் நல்லாருக்கு, இழை நல்லாருக்கு. துணியில குத்தம் இல்லாதப்ப எங்கிட்ட கேட்டு என்னங்க ஆகப்போவுது?"

அண்ணி அட்டையிலிருந்து கண்ணை எடுத்தார். பிறகு, என்னைப் பார்த்துச் சொல்வதுபோல், "இந்தம்மாவுக்கு யாவாரம் தெரியலை தம்பி," என்றார். தொடர்பு அறுந்தது.

பாய் தன் இடத்திலிருந்து, "இதை நான் எத்தனையோ வருஷமா சொல்றேன்," என்றார். யாரும் சிரிக்கவில்லை.

பிரின்சி அட்டையைக் கையில் வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு திருப்பிக் கொடுத்தாள்.

மூன்றாம் நாள் அண்ணியிடமிருந்து குரல் செய்தி வந்தது. எலோடி முதலில் கேட்ட பிஸ்கட் நிறமே இருக்கட்டும். மூன்று கவுனுக்கு வெட்டி, தைக்கக் கொடுத்துவிடுங்கள். பிரின்சிக்குப் பன்னீர்ச் சொம்பு. அவளுக்கு எந்த நிறம் பிடிக்குமோ அதில் ஒரு சுடிதார், எங்கள் அன்பளிப்பாக. நான் சரி என்று எழுதி அனுப்பினேன். சாப்பிடும்போது பிரின்சியிடம் சொன்னேன்.

"பன்னீருக்கு நிறமே கிடையாதுல்ல," என்றாள். "அதான் எனக்குக் குடுத்திருக்காங்க."

என் மனைவி எழுந்து அடுப்படிக்குப் போனாள். நான் தட்டைப் பார்த்துச் சாப்பிட்டேன்.

கல்யாணத்தன்று காலையில் கோயிலில் எல்லாம் முறையாக நடந்தது. சாயங்காலம் ஐந்து மணிக்கே பிரின்சி திடலின் வாசலில், நீலச் சுடிதாரில், கற்கண்டுத் தட்டுக்கும் சந்தனக் கிண்ணத்துக்கும் பக்கத்தில் நின்றாள். எதிர்க்காற்று. தெளித்த பன்னீரில் பாதி அவள் முகத்துக்கே திரும்பி வந்தது. "முழுக்காட்டு எனக்குத்தான், நீங்க உள்ள போங்க மாமா," என்று வருகிறவர்களைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தாள். நாற்காலிகளுக்கு நடுவே நீளமாக வெள்ளைத் துணி விரித்து, பறக்காமல் இருக்க இரண்டு ஓரமும் செங்கல் வைத்திருந்தார்கள்.

ஆறேகால் மணிக்கு இசை தொடங்கியது. பிரின்சி சொம்பைத் தன் அம்மாவிடம் கொடுத்தாள். அதற்காகவே காத்திருந்தவள்போல என் மனைவி அதை வாங்கிக்கொண்டு, பதிலுக்கு ஒரு பையைக் கொடுத்தாள். பிரின்சி கழிப்பறைப் பக்கம் போனாள். எட்டு நிமிடத்தில் வந்தாள். பிஸ்கட் நிறக் கவுன். மற்ற மூவருக்கும் தைத்த அதே கழுத்து, அதே கை, அதே மடிப்பு. ஊர் முழுக்க நடந்ததை எழுதி அனுப்பிய எனக்கு, என் வீட்டு அலமாரியில் ஒரு மாதமாக என்ன தொங்கிக்கொண்டிருந்தது என்று தெரியவில்லை.

மூன்று பெண்களும் பாதி தூரம் போயிருந்தார்கள். அவள் ஓடவில்லை. அவர்களுக்குப் பின்னால், எலோடிக்கு முன்னால் இருந்த இடைவெளியில் போய்ச் சேர்ந்து, அதே நடையில் நடந்தாள். எலோடி பூங்கொத்தை மறு கைக்கு மாற்றிக்கொண்டு, எட்டி அவள் முழங்கையைப் பிடித்துத் தன் பக்கத்தில் இழுத்துக்கொண்டாள். பிரெஞ்சில் ஏதோ சொன்னாள். எனக்குப் புரியவில்லை, பிரின்சிக்கும் புரிந்திருக்காது. இருவரும் சிரித்தார்கள். முன்வரிசையிலிருந்து அண்ணி என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் செங்கல்களைப் பார்த்தேன்.

அண்ணி சொன்னது உண்மை. அந்தக் கவுனில் அவள் கைகள் தனியாகத்தான் தெரிந்தன. தெரிந்தால் என்ன என்று இரண்டரை மாதத்தில் ஒருநாளும் நான் அண்ணியைக் கேட்கவில்லை என்பது அங்கே நிற்கும்போதுதான் உறைத்தது.

மறு திங்கட்கிழமை கடைக்குப் போனேன். அக்கா கல்யாணத்துக்கு வந்திருக்கவில்லை. முகூர்த்த நாளில் கடையை விட்டு அவர் நகர மாட்டார். கவுண்டரில் ஒரு தாவணித் துணியைக் கிழித்துக்கொண்டிருந்தார்.

"பிரின்சி இங்க வந்தாளா?" என்று கேட்டேன்.

"மூணு கவுனுக்கு வெட்டின மறுநாளே வந்துடுச்சு சார். சுருள்ல அஞ்சு மீட்டர் மிச்சம் கெடந்துச்சு. அதைக் குடுங்கன்னு கேட்டுச்சு."

"நீங்க ஒண்ணும் சொல்லலையா?"

"சொன்னேன். காத்துல தூக்கும், ஓரத்தை ரெண்டு வெரக்கடை மடிச்சுத் தைக்கச் சொல்லுன்னேன். லைனிங்கை அளவாப் பாத்து வெட்டிக் குடுத்தேன்."

நான் போகாமல் நின்றேன். அவர் கிழித்த துணியை மடித்து, ஓரத்தில் தொங்கிய நூலைப் பல்லால் கடித்து எடுத்தார்.

"அவ்வளவு தூரம் வந்து நின்னாளே," என்றேன். "உனக்கு நல்லா இருக்கும்னு அப்பகூட ஒரு வார்த்தை சொல்லலையா?"

"அது கேக்கலைங்களே சார்," என்றார் அக்கா.